அந்த மூலையில் நாலு பேர் உட்காரலாம்

தருமபுரி மாவட்டத்தில் அரூரிலிருந்து தீர்த்தமலைக்கு வருகிற யாருக்கும் கண் முதலில் மலைமேல்தான் போகும். மேலே தீர்த்தகிரீசுவரர் கோயில். பாறையிலிருந்து கொட்டும் ராமர் தீர்த்தம், அதை அடுத்துக் குமார தீர்த்தம், கௌரி தீர்த்தம், அகத்தியர் தீர்த்தம், அக்னி தீர்த்தம். மாசி மாதத் திருவிழாவுக்கு அடிவாரம் நிரம்பி வழியும். வந்தவர்கள் படியேறி, தலையில் தீர்த்தம் தெளித்துக்கொண்டு, இறங்கிப் போய்விடுவார்கள். அடிவாரத்துத் தெருக்களில் வீடுகளின் பின்பக்கம் எப்படி இருக்கிறது என்று எட்டிப் பார்க்க யாருக்கும் வேலையில்லை. ஆனால் ஊரின் அன்றாடம் நடப்பது அங்கேதான்.

வீட்டைச் சுற்றி கொஞ்சம் மனை மிஞ்சியிருக்கிற எந்த வீட்டிலும் ஒரு மூலை கைவிடப்பட்டுக் கிடக்கும். கட்டட வேலை முடிந்தபோது அள்ளாமல் விட்ட ஜல்லி, மூட்டையோடு இறுகிப்போன சிமெண்ட், உடைந்த டைல்ஸ், வாய் கிழிந்த பிளாஸ்டிக் குடம், ஒரு பழைய டயர், என்றைக்காவது உதவும் என்று சாத்திவைத்த ஆஸ்பெஸ்டாஸ் துண்டு. நடுவில் தானாக முளைத்த ஆமணக்குச் செடி. பிள்ளைகளை அந்தப் பக்கம் போக விடமாட்டார்கள். பெரியவர்களும் போகமாட்டார்கள். எட்டடிக்குப் பத்தடி இருந்தால் அதிகம், ஆறடிக்கு ஆறடிதான் என்றாலும் பரவாயில்லை. அந்த மூலையை நாலு பேர் நிழலில் உட்காருகிற இடமாக மாற்ற வேண்டும். அழகுக்காக என்று இதைத் தள்ளிவிடக்கூடாது. வீட்டுக்கு ஓர் அறை குறைகிறது. அந்த அறை இந்த மூலையில் கிடக்கிறது.

குறைகிறது என்பதற்குக் கணக்கு இருக்கிறது. 2011-ல் தமிழ்நாட்டில் தொடங்கிய சூரிய ஒளியுடன் கூடிய பசுமை வீடுகள் திட்டத்தில் ஒரு வீடு 300 சதுர அடி. மத்திய அரசின் ஊரக வீட்டுத் திட்டத்தில் குறைந்தபட்ச அளவு 25 சதுர மீட்டர், அதாவது சுமார் 269 சதுர அடி. 2024-ல் வந்த கலைஞரின் கனவு இல்லம் 360 சதுர அடி. கூரை வீட்டில் மழைக்கும் நெருப்புக்கும் பயந்து கிடந்தவர்களுக்கு ஒழுகாத தளம் கிடைத்திருப்பது பெரிய காரியம். அதைக் குறைத்துப் பேச நியாயம் இல்லை. ஆனால் ஐந்து பேர் இருக்கிற குடும்பத்துக்கு ஒரு கூடம், ஒரு அறை, ஒரு சமையலிடம் என்று சுருங்கும்போது முதலில் வெட்டுப்பட்டது திண்ணைதான். கான்கிரீட் தளம் பகலெல்லாம் குடித்த வெயிலை இரவு வெகுநேரம் வரை கீழே இறக்கும். சித்திரை மாதத்தில் ராத்திரி எட்டு மணிக்கு அந்தக் கூடத்தில் மின்விசிறி சுற்றினாலும் சூடான காற்றுதான் முகத்தில் அடிக்கிறது. வயதானவர்கள் பிளாஸ்டிக் நாற்காலியைத் தூக்கிக்கொண்டு தெருவோரம், சாக்கடை ஓரம் போய் உட்காருகிறார்கள். வண்டி ஒன்று வந்தால் காலை மடக்கிக்கொள்ள வேண்டும்.

திண்ணை ஒரு காலத்தில் எவ்வளவு வேலை செய்தது என்பதற்குத் தருமபுரிக்காரர்களுக்குத் தெரிந்த ஒரு பெயரே சாட்சி. 1792 முதல் ஏழாண்டுகள் இந்தப் பாராமகால் பகுதியில் வருவாய்க் கணக்குப் பார்த்த தாமஸ் மன்றோ, பின்னாளில் சென்னை மாகாண ஆளுநரானபோது, 1822-ல் மாகாணத்தில் இருந்த நாட்டுப் பள்ளிகளைக் கணக்கெடுக்கச் சொன்னார். அப்படி எழுத்தும் எண்ணும் சொல்லிக்கொடுத்த பள்ளிகளில் பல, யாரோ ஒருவர் வீட்டுத் திண்ணையில் நடந்தவை.

இப்போது ஊரில் உட்காருகிற இடங்கள் எவை என்று எண்ணிப் பார்த்தால் ஒரு விஷயம் உறைக்கும். டீக்கடை பெஞ்சு, அரசமரத்தடி மேடை, பஸ் நிறுத்தம், கோயில் மண்டபம், பால் சொசைட்டி வாசல். எல்லாம் ஆண்களுக்கு. ஒரு பெண் டீக்கடை பெஞ்சில் அரை மணி நேரம் சும்மா உட்கார்ந்திருந்தால் அன்று சாயங்காலத்துக்குள் அது ஊர்ப் பேச்சாகிவிடும். தேசியப் புள்ளியியல் அலுவலகம் 2019-ல் நாடு முழுதும் நேரப் பயன்பாட்டுக் கணக்கெடுப்பு நடத்தியது. வீட்டு வேலையில் ஈடுபடுகிற பெண்கள் கூலியில்லாத அந்த வேலைக்கு நாளொன்றுக்குச் சராசரியாக 299 நிமிடம் செலவிடுகிறார்கள். ஈடுபடுகிற ஆண்கள் 97 நிமிடம். ஐந்து மணி நேர வேலைக்கு நடுவே பத்து நிமிடம் முதுகைச் சாய்க்க அவர்களுக்கு வாசற்படிதான் கிடைக்கிறது. ஆகவே புழக்கடை மூலையில் ஒரு இருக்கை என்பது முதலில் அந்த வீட்டுப் பெண்களுக்கான இடம். அதை மனதில் வைத்துத் திட்டமிட்டால் மற்றவை தானாகச் சரியாக அமையும்.

தீர்த்தமலை வட்டாரத்தில் இதற்கு இன்னொரு காரணமும் உண்டு. தருமபுரி, கிருஷ்ணகிரி இரண்டும் புளிக்குப் பேர்போன மாவட்டங்கள். மாசி, பங்குனி, சித்திரையில் புளி வீட்டுக்கு வரும். ஓடு தட்டி, நார் உரித்து, கொட்டை எடுக்கிற வேலை பெரும்பாலும் பெண்கள் கையில். கிலோக் கணக்கில் கூலி. கிழிந்த சாக்கை விரித்துத் தரையில் உட்கார்ந்து, முன்னால் ஒரு கல், கையில் இரும்புக் கம்பியோ கட்டையோ. குனிந்த தலை நிமிராமல் மணிக்கணக்கில் வேலை ஓடும். நிழல் நகர நகர சாக்கும் நகரும். வெயில் ஏறிய பிறகு சுவரோரம் ஒட்டிக்கொள்வார்கள். விரல் நுனியெல்லாம் புளிப்பேறி வெடித்திருக்கும். இந்த வேலைக்கு ஒன்றரை அடி உயரத்தில் ஒரு மேடையும் அதன் பக்கத்தில் முழங்கால் மட்டத்துக்கு ஒரு கல்லும் தலைக்குமேல் நிழலும் இருந்தால் இடுப்புக்கும் முழங்காலுக்கும் எவ்வளவு ஆறுதல்! அந்த மூலை ஓய்வுக்கு மட்டும் என்று நினைக்கத் தேவையில்லை. வேலை செய்கிற இடமாகவும் இருக்கட்டும்.

முதல் காரியம் சுத்தம். இது நாகரிகத்துக்காகச் சொல்வது இல்லை. கல்லும் ஓடும் குவிந்த இடத்தில் எலி குடியேறும். எலி இருக்கும் இடத்துக்குப் பாம்பு வரும். நாகம், கட்டுவிரியன், கண்ணாடி விரியன், சுருட்டை விரியன் நான்கும் தமிழ்நாட்டில் இருப்பவை. கையுறை போட்டு, கம்பால் தட்டிப் பார்த்து, பகலிலேயே அள்ள வேண்டும். டயரிலும் உடைந்த குடத்திலும் தேங்கும் மழைநீரில் டெங்குவைப் பரப்பும் ஏடிஸ் கொசு முட்டையிடும். வெயில் காலத்தில் ஒரு வாரம், பத்து நாளில் அது கொசுவாகிப் பறந்துவிடும். தண்ணீர் வற்றினாலும் முட்டை மாதக்கணக்கில் உயிரோடு ஒட்டிக்கொண்டிருக்கும். அதனால் டயரைக் கவிழ்த்து வைத்தால் போதாது, இடத்தைவிட்டே அகற்ற வேண்டும். ஆஸ்பெஸ்டாஸ் துண்டை மட்டும் உடைக்கக் கூடாது. உடைந்தால் பறக்கிற நார்த்தூள் நுரையீரலைக் கெடுக்கும். நனைத்து, முழுசாகவே தூக்க வேண்டும்.

அள்ளியதெல்லாம் குப்பைக்குப் போகவேண்டும் என்றும் இல்லை. சண்டிகரில் பொதுப்பணித் துறையில் சாலை ஆய்வாளராக இருந்த நேக் சந்த், 1950-களின் இறுதியிலிருந்து யாருக்கும் தெரியாமல் அரசு காட்டு நிலத்தில் உடைந்த ஓடு, வளையல் துண்டு, பீங்கான், கல் இவற்றைக் கொண்டே ஒரு தோட்டத்தை வளர்த்தார். அதிகாரிகள் அதைக் கண்டுபிடித்தபோது இடித்துவிடுவார்கள் என்ற பயம் இருந்தது. 1976-ல் அது மக்களுக்குத் திறந்துவிடப்பட்டது. தீர்த்தமலை வீட்டின் உடைந்த டைல்ஸுக்கு அவ்வளவு பெரிய வாழ்வு வேண்டாம். மேடையின் மேற்பரப்பில் சிமெண்ட் பாலில் பதித்தால் வழவழவென்று துடைக்க வசதியாக இருக்கும். ஜல்லி அடித்தளத்துக்கு ஆகும்.

எந்த மூலை? வெயில்தான் இதற்குப் பதில் சொல்ல வேண்டும். தீர்த்தமலை ஏறக்குறைய 12 டிகிரி வட அட்சத்தில் இருக்கிறது. ஏப்ரல் 20-ஐ ஒட்டி இங்கே நண்பகல் சூரியன் நேர் உச்சிக்கு வருகிறது; அதற்குப் பிறகு ஆகஸ்ட் 20 வாக்கில் திரும்பும் வரை உச்சியிலிருந்து சற்று வடக்கே சாய்ந்தே நிற்கிறது. அந்த மாதங்களில் அது இறங்குவதும் மேற்குக்குச் சற்று வடக்கே. ஆகவே கோடையில் மாலை மூன்று மணிக்குமேல் வீட்டின் நிழல் கிழக்கிலும் தென்கிழக்கிலும் நீளும். மார்கழி, தையில் சூரியன் தென்மேற்கே இறங்குவதால் நிழல் வடகிழக்குக்கு மாறும். அக்னி மூலையும் ஈசானிய மூலையும் இப்படி மாலை நிழலைப் பங்குபோட்டுக்கொள்கின்றன. மேற்குப் பக்கத்து மூலை மட்டும்தான் இருக்கிறது என்றால் மரமோ பந்தலோ இல்லாமல் அங்கே மேடை கட்டுவது வீண்; நாலு மணிவரை வெயில் குடித்த கல் விளக்கு வைக்கும் நேரத்திலும் சுடும். வாஸ்து பார்க்கிறவர்கள் ஈசானியத்தில் மேடை வேண்டாம் என்றால் அங்கே கட்டிலைப் போட்டுக்கொள்ளலாம். சண்டை போட வேண்டிய விஷயம் இல்லை. எதையும் கட்டுவதற்குமுன் ஒரு ஞாயிற்றுக்கிழமை முழுக்க, மணிக்கொரு தரம், நிழல் எங்கே விழுகிறது என்று சுண்ணாம்பில் கோடு போட்டுப் பார்ப்பது நல்லது.

மரம் இருந்தால் அதிர்ஷ்டம். இல்லையென்றால் புங்கன். மாசி, பங்குனி வாக்கில் சில நாள் இலை உதிர்த்துவிட்டு, வெயில் உச்சத்துக்குப் போகும் நேரத்தில் புதுத் தளிரோடு அடர்ந்து நிற்கும் மரம் அது. காற்றிலிருக்கும் நைட்ரஜனை வேரில் பிடித்து மண்ணையும் வளமாக்கும். வேம்பும் நல்லது, பூவும் பழமும் கொட்டும்போது தினம் பெருக்க வேண்டும். தென்னைக்குக் கீழே இருக்கை போடவே கூடாது. மட்டை விழும், காய் விழும். முருங்கைக்குக் கீழேயும் வேண்டாம். கிளை லேசில் முறியும். கம்பளிப்பூச்சி ஏறுகிற பருவத்தில் அதன் அடியில் உட்கார்ந்தவர் அடுத்த ஒரு நாளைச் சொறிந்தே கழிக்க நேரும். இருக்கிற மரத்தைச் சுற்றி மேடை கட்டுகிறவர்கள் செய்கிற பெரிய தவறு, அடிமரத்தை ஒட்டி சிமெண்ட் பூசுவது. வேர் மூச்சுவிட முடியாமல் மரம் மெல்லப் பட்டுப்போகும். டெல்லியில் மரங்களைச் சுற்றி ஒரு மீட்டருக்குள் இருக்கும் கான்கிரீட்டை எடுக்கச் சொல்லித் தேசியப் பசுமைத் தீர்ப்பாயம் 2013-ல் உத்தரவிட்டது. அந்த ஒரு மீட்டரைத் தீர்த்தமலையிலும் விட்டுவைக்கலாம்.

கன்று மரமாக நாலைந்து வருஷம் ஆகும். அதுவரை பந்தல். தருமபுரி மாவட்டத்தில் கல் பஞ்சமில்லை; நிலத்துக்கு வேலி போடுகிற அதே கல்கால் நான்கை நட்டு, மேலே கம்பி இழுத்தால் போதும். தை மாதத்தில் பீர்க்கோ புடலையோ பாகலோ விதைத்தால் சித்திரை வெயிலுக்குள் மேலே மூடிவிடும். ஆடியில் விதைத்தது புரட்டாசி, ஐப்பசிக்கு. பாத்திரம் கழுவுகிற தண்ணீரை ஒரு வாய்க்கால் வெட்டி அந்தப் பக்கம் விட்டால் கொடிக்கும் வாழைக்கும் அதுவே ஆகும். நிழலும் வருகிறது, குழம்புக்குக் காயும் வருகிறது.

இருக்கைக்கு வருவோம். கடையில் மரக்கட்டை மாதிரி வர்ணம் பூசிய சிமெண்ட் பெஞ்சு கிடைக்கிறது. பிளாஸ்டிக் புல்தரை கூடக் கிடைக்கிறது. இரண்டும் வேண்டாம். பிளாஸ்டிக் புல் வெயிலில் வெறுங்கால் வைக்க முடியாதபடி கொதிக்கும், மண்ணுக்குள் மழைநீர் இறங்குவதையும் கெடுக்கும். உள்ளூர்க் கல் உடைக்கிறவரிடம் ஆறடி நீளம், ஒன்றரை அடி அகலம், நாலங்குலக் கனத்தில் ஒரு கருங்கல் பலகை கேட்டு வாங்கலாம். அதன் எடை சுமார் 225 கிலோ வரும். நாலு பேர், இரண்டு கடப்பாரை, உருட்ட இரண்டு குழாய். கீழே இரண்டு பக்கமும் செங்கல் சுவர் எழுப்பி அதன்மேல் இறக்க வேண்டும். தரையிலிருந்து பலகையின் மேல்மட்டம் 16 முதல் 18 அங்குலம். இந்த அளவு முக்கியம். பலர் அழகாக இருக்கிறதே என்று ஓரடி உயரத்தில் கட்டிவிடுகிறார்கள்; மூட்டுவலி உள்ள பாட்டி உட்கார்ந்துவிடுவார், எழுந்திருக்க இன்னொருவர் கை கொடுக்க வேண்டும். 18 அங்குலம் வைத்து, ஓரத்தில் பிடித்து எழுவதற்கு ஒரு கல்காலையும் நட்டுவிட்டால் அவர் யாரையும் கூப்பிடாமல் எழுந்து போவார். பலகைக்கு அடியில் அடைசல் சேர்க்காமல் வெற்றிடமாக வைத்தால் பெருக்கவும் ஆகும், பூச்சி பொட்டு ஒளியாது. பலகை ஒரு பக்கமாக அரை அங்குலம் சரிந்திருந்தால் மழைநீர் தேங்காது.

கல் பலகை ஓரிடத்தில் நிற்கும், மனிதர்கள் நிற்கமாட்டார்கள். நியூயார்க்கில் 1967-ல் திறக்கப்பட்ட பேலி பூங்கா வெறும் 42 அடிக்கு 100 அடி இடம், இரண்டு கட்டடங்களுக்கு நடுவே. அங்கே இருக்கைகள் நகர்த்தக்கூடிய நாற்காலிகள். நகரத்தின் சிறிய இடங்களை ஆண்டுக்கணக்கில் படமெடுத்து ஆராய்ந்த வில்லியம் வைட், 1980-ல் வெளியிட்ட நூலில் சொன்ன விஷயம் எளிமையானது: உட்கார இடம் இருக்கிற இடத்தில்தான் மக்கள் உட்காருகிறார்கள். இன்னொன்றையும் அவர் கவனித்தார். நாற்காலியை நகர்த்த முடிந்தால், உட்காருமுன் பலரும் அதை ஓர் அங்குலமாவது இழுத்துப் போடுகிறார்கள். நம் ஊரில் அதற்குக் கயிற்றுக் கட்டில் இருக்கிறது. ஒரு கல் பலகை, பக்கத்தில் ஒரு கட்டில். நிழலுக்கும் காற்றுக்கும் ஏற்ப, பேச்சுக்கும் ஏற்ப, கட்டில் போகும்.

இலங்கையில் பெந்தோட்டைக்கு அருகே லுணுகங்கா என்ற தோட்டத்தை 1948-ல் வாங்கிய கட்டடக் கலைஞர் ஜெஃப்ரி பாவா, அடுத்த அரை நூற்றாண்டு அதைச் செதுக்கிக்கொண்டே இருந்தார். அதில் ஒரே பெரிய இருக்கை மண்டபம் இல்லை. காலைக்கு ஓரிடம், மதியச் சாப்பாட்டுக்கு ஓரிடம், மாலைக்கு ஓரிடம். எங்கே உட்கார்ந்தால் எது தெரியும் என்பதிலிருந்தே ஒவ்வொன்றும் தொடங்கியது. அவரிடம் ஏரிக்கரையும் ஏக்கர்களும் இருந்தன. தீர்த்தமலைக்காரரிடம் மலை இருக்கிறது. பலகையை மதில் சுவரைப் பார்த்துப் போடாமல், முதுகைச் சுவருக்குக் கொடுத்து மலை தெரிகிற பக்கம் முகம் வைத்துப் போட்டால், காசு கொடுத்து வாங்க முடியாத ஒன்று அந்த எட்டடி இடத்துக்குள் வந்துவிடும். எதிர் வீட்டுச் சன்னல் நேரே தெரிந்தால் பெண்கள் அங்கே உட்காரமாட்டார்கள். அந்தப் பக்கம் மட்டும் ஒரு செம்பருத்தி வரிசையோ கீற்றுத் தட்டியோ வேண்டும். ஒரு பல்பும் வேண்டும். விளக்கில்லாத மூலை ஆறு மணிக்கு மறுபடியும் பாம்புக்குப் போய்விடும்.

வீட்டுக்காரர்கள் செய்யக்கூடியது இவ்வளவு. அரசு செய்யவேண்டியது ஒன்று மிச்சம். கலைஞரின் கனவு இல்லத் திட்டத்தில் 360 சதுர அடியில் 300 சதுர அடிக்குத்தான் கான்கிரீட் தளம். மீதி 60 சதுர அடிக்குப் பயனாளியின் விருப்பப்படி, தீப்பிடிக்காத வேறு கூரை போட்டுக்கொள்ள விதி இடம் தருகிறது. அந்த 60 சதுர அடி என்பது ஆறடிக்குப் பத்தடி. ஓடு வேய்ந்த, ஒரு பக்கம் திறந்த திண்ணைக்கு அதைவிட நல்ல அளவு கிடையாது. கிழக்கே பார்த்து அதை வைத்து, மூலைப் பந்தலோடு சேர்த்தால் 360 சதுர அடி வீடு குடும்பத்துக்குப் போதுமானதாகிவிடும். ஆனால் கொத்தனார் பழக்கத்தில் அதையும் நாலு சுவர் வைத்து மூடிவிடுகிறார் என்றால், வேறு மாதிரி கட்டலாம் என்று காட்டுகிற வரைபடம் அவர் கண்ணில் படவேண்டும். திண்ணையோடு கூடிய ஒரு மாதிரி வரைபடத்தை ஒவ்வொரு ஊராட்சி அலுவலகச் சுவரிலும் ஒட்டுவதற்குப் பெரிய நிதி தேவையில்லை. அக்டோபர் 2-ம் தேதி கிராம சபையில் இதைத் தீர்மானமாகவே கொண்டுவரலாம். மகளிர் குழுக்கள் கொண்டுவந்தால் இன்னும் பொருத்தம். புளி மாசியில் வரும். அக்டோபரில் தீர்மானம் போட்டு, தையில் கல்லை இறக்கினால், அடுத்த புளி தட்டும் வேலை அந்த மேடையிலேயே நடக்கும்.